தகர மீனும் மாமாவின் மைக்கும்

எனக்குப் பத்து வயதாக இருந்தபோது ஞாயிற்றுக்கிழமை மதியம் மட்டும் வயிற்றெரிச்சல் வரும். மாத்திரைக்கு அடங்குகிற எரிச்சல் அல்ல. சோறு தின்று, தலை வாரி, கொட்டகைக்குள் போய் உட்கார்ந்து, விளக்கு அணைகிற வரைக்கும் நன்றாகத்தான் இருப்பேன். விளக்கு அணைந்ததும் திரைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன டார்ச் எரியும். அந்த வெளிச்சத்தில் என் மாமா பையனுடைய முகம் தெரியும். உடனே ஆரம்பித்துவிடும்.

அந்த முகத்தில் அப்படி என்ன இருந்தது என்று சொல்ல வேண்டுமானால் முதலில் கொட்டகையைப் பற்றிச் சொல்ல வேண்டும். கொட்டகையைப் பற்றிச் சொல்ல இத்தாலி நாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். பயப்படாதீர்கள், பூகோளப் பாடம் இல்லை. நான் பத்தாவதோடு நிறுத்திக்கொண்டவன். லிஃப்ட் பழுது பார்க்கிறவன். எனக்குத் தெரிந்த அளவுக்குத்தான் சொல்லப் போகிறேன்.

அப்போது எங்கள் வீடு நெமிலிச்சேரியில் இருந்தது. ரயில்வே கேட்டைத் தாண்டி முத்தாபுதுப்பேட்டைப் பக்கம் போனால் ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஒரு சினிமா கொட்டகை வரும். முன்னால் மணல் தரை, நடுவில் பெஞ்சு, பின்னால் நாற்காலி. வாரம் முழுக்கப் பழைய தமிழ்ப் படம் ஓடும். ஞாயிறு மதியக் காட்சி மட்டும் இங்கிலீஷ் படம். தெருவில் ஒரே ஒரு வீட்டில்தான் டீவி இருந்த காலம் அது. அதனால் ஞாயிறு பூசை முடிந்து வருகிறவர்களில் பாதிப் பேர் மதியம் அங்கேதான் இருப்பார்கள்.

இங்கிலீஷ் படம் என்று நாங்கள் சொன்னோம். அது இங்கிலீஷே இல்லை என்று எனக்குத் தெரிந்தது போன வருடம்தான். இப்போது நாங்கள் இருக்கிற காட்டுப்பாக்கம் அடுக்குமாடியில், மேல்தளத்தில், தென்காசியிலிருந்து வந்த ஒரு தம்பி இருக்கிறார். கம்ப்யூட்டர் கம்பெனி வேலை. பழைய வெளிநாட்டுப் படம் என்றால் அவருக்குச் சோறு தண்ணி வேண்டாம். ஒருநாள் லிஃப்டுக்கு எண்ணெய் போட்டுக்கொண்டே, சின்ன வயதில் பார்த்த படங்களின் கதையை அவரிடம் சொன்னேன். கேட்டுக்கொண்டே வந்தவர் சிரிக்க ஆரம்பித்தார்.

“அண்ணே, அதுல முக்காவாசி இத்தாலிக்காரன் எடுத்தது. மிச்சம் ஸ்பெயின்காரன். எல்லாம் துட்டு இல்லாம எடுத்த படம்ண்ணே” என்றார்.

அதற்குப் பிறகு அவர் சொன்னதெல்லாம் எனக்குப் பெரிய ஆச்சரியம். அமெரிக்காவில் யாராவது பெரிய செலவு செய்து ஒரு சுறா மீன் படம் எடுப்பார்கள். அது நன்றாக ஓடினால் போதும், இத்தாலியில் நாலு பேர் அவசர அவசரமாக ஆளுக்கு ஒரு மீன் படம் எடுத்துவிடுவார்கள். பேய்ப் படம் ஓடினால் பேய். குதிரைக்காரன் படம் ஓடினால் ஊருக்கு வெளியே இருக்கிற கல்குவாரியில் நாலு குதிரையை ஓடவிட்டு அதுதான் அமெரிக்கா என்பார்கள். ஒரு படத்தில் ராஜா வீட்டுச் சிப்பாய் போட்ட சட்டையை அடுத்த படத்தில் கொள்ளைக்காரன் போட்டிருப்பான். நடிக்கிறவர்களும் பல நாட்டுக்காரர்கள். அவனவன் அவனவன் பாஷையில் எதையோ பேசிவிட்டுப் போய்விடுவான். பிறகு வேறு ஆட்கள் உட்கார்ந்து குரல் கொடுப்பார்கள். எடுத்தவரின் பெயரைக்கூட அமெரிக்கன் பெயர் மாதிரி மாற்றிப் போடுவார்களாம். சில நேரம் படமே இருக்காது, போஸ்டர் மட்டும் இருக்கும். போஸ்டரைக் காட்டிப் பணம் வாங்கி, அப்புறம்தான் கதை யோசிப்பார்கள். ஒரே படத்தை நாட்டுக்கு நாடு பெயர் மாற்றி விற்பார்கள். அப்படி விற்று, தேய்ந்து, கீறல் விழுந்து, இனி எவனும் வாங்கமாட்டான் என்கிற நிலையில் அந்தப் படப்பெட்டிகள் எங்கள் கொட்டகைக்கு வந்து சேர்ந்திருக்கின்றன.

ஆக, இத்தாலிக்காரன் பேசியது எங்களுக்குப் புரியாமல் போனதில் அதிசயம் இல்லை. ஆனால் எங்களுக்கு எல்லாம் புரிந்தது. அதுதான் அதிசயம். அந்த அதிசயத்தின் பெயர் மாமா.

மாமா என்றால் என் அம்மாவின் அண்ணன். முத்தாபுதுப்பேட்டையில் மைக் செட் கடை வைத்திருந்தார். கல்யாணம், காதுகுத்து, மாதா கோயில் திருவிழா, எல்லாவற்றுக்கும் அவருடைய குழாய் ஸ்பீக்கர்தான், அவருடைய குரல்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை கொட்டகையில் ஸ்பீக்கரைச் சரிசெய்யப் போயிருக்கிறார். உள்ளே ஒரே ரகளை. “இன்னா பேசுறான்னு ஒரு மண்ணும் புரில, துட்ட குடு” என்று ஜனம் பெஞ்சைத் தட்டிக்கொண்டிருந்தது. மாமா சோதனைக்காகக் கையில் வைத்திருந்த மைக்கில் சும்மா ஒரு வார்த்தை சொன்னாராம்: “அடப் பாவி மனுசா, வேணாம்டா, அந்தக் கதவ தெறக்காத!”

திரையில் ஒருவன் கதவைத் திறந்தான். ஜனம் கப்பென்று அடங்கியது.

அன்றைக்கு மாமா கடைசி வரைக்கும் பேசினார். அடுத்த வாரத்திலிருந்து சுவரொட்டியிலேயே “தமிழ் விளக்கத்துடன்” என்று ஒரு தாளைச் சேர்த்து ஒட்டினார்கள். எந்த நாட்டுப் படம் வந்தாலும், திரைக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூல் போட்டு, மைக்கைப் பிடித்துக்கொண்டு மாமா கதை சொல்லுவார். கதாநாயகனுக்கு ஒரு தங்கச்சி இருப்பாள். படத்தில் இருக்கமாட்டாள், மாமா சொல்வதில் இருப்பாள். அவளுக்குக் கல்யாணம் ஆக வேண்டும், அதற்காகத்தான் இவன் புதையல் தேடிக் காட்டுக்குப் போகிறான் என்பார். பெண்கள் மூக்கைச் சிந்துவார்கள். சின்னப் பிள்ளைகள் பார்க்கக் கூடாத காட்சி வந்தால், “பொடிசுங்க எல்லாம் கண்ண மூடிக்கோ, நான் சொன்னாத்தான் தெறக்கணும்” என்று மைக்கிலேயே உத்தரவு போடுவார். நாங்கள் மூடிக்கொள்வோம். ஒருமுறை அவர் திறக்கச் சொல்ல மறந்துவிட்டதால் வில்லன் செத்ததையே நாங்கள் பார்க்கவில்லை.

ஒருநாள் பட்டாபிராமிலிருந்து வந்த ஒரு வாத்தியார் நாற்காலியிலிருந்து எழுந்து நின்று, “இது இங்கிலீஷே இல்லையே” என்றார். கொட்டகை மொத்தமும் மாமாவைத் திரும்பிப் பார்த்தது.

மாமா அசரவில்லை. “சார், நீங்க படிச்சது வெள்ளக்காரன் ஆபீஸ்ல பேசுற இங்கிலீஷு. இது அவன் ஊட்ல பேசுற இங்கிலீஷு” என்றார். விசில் பறந்தது. வாத்தியார் உட்கார்ந்துவிட்டார். அவரும் அடுத்த வாரம் வந்தார்.

இப்போது மாமா பையனுக்கு வருகிறேன். அவனுக்கும் என் வயதுதான், ஒரே வகுப்பு. மாமாவின் ஸ்டூலுக்குப் பக்கத்தில் கறுப்பாக ஒரு ஸ்பீக்கர் பெட்டி இருக்கும். அந்தப் பெட்டியின் மேல் அவன் உட்கார்ந்திருப்பான். அதுவும் கால் மேல் கால் போட்டு. கையில் டார்ச். கதை நடுவில் மாமா திடீரென்று மைக்கை அவன் பக்கம் நீட்டி, “இன்னாடா, அவன் கைல இன்னா கீது?” என்பார். இவன் “கத்தி!” என்று கத்துவான். அந்தக் குரல் கொட்டகை முழுக்கக் கேட்கும். கத்தி என்பது எனக்கும் தெரியும். கண்ணிருக்கிற எல்லாருக்கும் தெரியும். ஆனால் அவன் சொன்ன பிறகுதான் அது கத்தி ஆகும்.

எனக்கும் அந்தப் பெட்டியில் ஒரு ஓரம் வேண்டும் என்று மாமாவிடம் கேட்டேன். “ரெண்டு பேரு உக்காந்தா சவுண்டு அமுங்கிப் பூடும்டா கண்ணு” என்றார். நான் நம்பினேன். பெட்டி இன்னும் கொஞ்சம் பெரிதாக வேண்டும் என்று மாதாவிடம் வேண்டிக்கொண்டேன். பெட்டி பெரிதாகவில்லை. அவன்தான் பெரிதானான்.

திங்கட்கிழமை பள்ளிக்கூடம் போனால் இன்னும் கொடுமை. கொட்டகைக்கு வராத பையன்களுக்கு அவன் கதை சொல்லுவான். சுற்றிலும் கூட்டம். கொய்யாக்காய் கீற்று, நெல்லிக்காய், நாலு கோலி என்று அவன் டிராயர் பை உப்பிக்கொண்டே போகும். அவன் கதையை மாற்றிச் சொல்லுவான். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். “டேய், குதிரை சாவலடா, படுத்துகினு இருந்துச்சி” என்று நான் திருத்துவேன். எவனும் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டான்.

“நீ கம்னு இரு. கதை சொல்றது அவன் நைனா” என்று ஒருவன் சொன்னான்.

“எனக்கும் மாமாதான்.”

“மாமா வேற, நைனா வேற.”

அன்று மாலை வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்த வார்த்தை சட்டைக்குள் புகுந்த எறும்பு மாதிரி ஊர்ந்துகொண்டே வந்தது.

என்னுடைய நைனா எப்படிப்பட்டவர்? அப்பா ஆவடியில் ஒரு தொழிற்சாலையில் தகரத்துக்கு ரிவிட் அடிக்கிற பிரிவில் வேலை பார்த்தார். ரிவிட் என்றால் தகரத்தைத் தகரத்தோடு இணைக்கிற மொட்டை ஆணி. நாள் முழுக்க அந்தச் சத்தத்திலேயே இருந்ததாலோ என்னவோ, வீட்டில் அதிகம் பேசமாட்டார். பேசினாலும் உள்ளதை உள்ளபடி பேசுவார். “குழம்பு எப்படி?” என்று அம்மா கேட்டால், “உப்பு கம்மி” என்பார். அவ்வளவுதான். சினிமாவுக்கு வரமாட்டார். ஞாயிறு மதியம் அவர் சைக்கிளைத் தலைகீழாகக் கவிழ்த்துப்போட்டு எண்ணெய் விட்டுக்கொண்டிருப்பார்.

மாமா எங்கள் வீட்டுக்கு வந்தால் வீடே கலகலக்கும். அப்பா மட்டும் சுவரில் சாய்ந்து கேட்டுக்கொண்டிருப்பார். ஒருநாள் மாமாவிடம் ஒரு சந்தேகம் கேட்டார். போன மாதம் ஓடிய படமே பெயரை மாற்றி, புது போஸ்டரோடு மறுபடியும் கொட்டகைக்கு வந்திருந்தது. மாமா அதே படத்துக்கு வேறு ஒரு கதை சொல்லிவிட்டார். நான்தான் அதை வீட்டில் வந்து பெருமையாகச் சொல்லியிருந்தேன்.

“மச்சான், அந்தத் தாடிக்காரன போன மாசம் டாக்டர்னு சொன்னியாமே. இந்த மாசம் திருடன்ற. எது நெசம்?” என்று அப்பா கேட்டார்.

“ரெண்டும் நெசம் மாப்ளே. ஒரு மாசத்துல மனுசன் கெட்டுப்போவ மாட்டானா?”

அம்மா சிரித்தாள். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அப்பா சிரிக்கவில்லை. “அவன் இன்னா பேசுனான்னு தெரியாமயே எப்டி சொல்ற?” என்றார். நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார் என்று இப்போது தோன்றுகிறது. அன்றைக்கு எனக்கு அது குற்றம் கண்டுபிடிக்கிற மாதிரி இருந்தது. மாமாவைக் கண்டாலே அப்பாவுக்குப் பிடிக்காது என்று முடிவுகட்டிக்கொண்டேன்.

அந்தத் திங்கட்கிழமைக்குத் திரும்புகிறேன். “மாமா வேற, நைனா வேற” என்கிற எறும்போடு வீட்டுக்கு வந்தேன் அல்லவா, ராத்திரி சாப்பாட்டில் உட்கார்ந்தபோது அது கடித்துவிட்டது. கோபம் யார் மேல் என்று தெரியாமல், தட்டைப் பார்த்துக்கொண்டு சொன்னேன்:

“மாமாவுக்கே நான் புள்ளையா பொறந்திருக்கலாம். இந்த ஊட்ல இன்னா கீது?”

அம்மா கரண்டியைத் தூக்கினாள். “வாய ஒட்டி வெச்சி தெச்சிடுவேன், தெரிதா?” என்றாள். அப்பா தட்டில் இருந்த சோற்றைத் தின்று முடித்தார். எழுந்து போய்க் கை கழுவினார். நான் அடி விழவில்லை என்று சந்தோஷப்பட்டேன்.

அந்த வாரம் மாதா கோயில் திருவிழாவுக்கான ஒன்பது நாள் நவநாள் நடந்துகொண்டிருந்தது. தினமும் சாயங்காலம் ஜெபமாலை, கொடி, தேர், ஏலம் என்று எல்லாவற்றுக்கும் மாமாதான் மைக்கில் கூவினார். சனிக்கிழமை தேர் சுற்றி வந்து நிற்கும்போது மாமாவின் தொண்டை முழுக்க அடைத்துக்கொண்டது. ஞாயிறு காலைப் பூசையில் அவர் வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது.

மதியம் நான் கொட்டகைக்குக் கிளம்பினேன். வாசலில் சைக்கிள் கவிழ்ந்து கிடக்கவில்லை, நிமிர்ந்து நின்றது. அப்பா பூசைக்குப் போட்ட வெள்ளைச் சட்டையோடு பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார்.

“ஏறு. நானும் வரேன்” என்றார்.

அம்மா கதவுக்குள்ளிருந்து எட்டிப் பார்த்து, “இன்னாத்துக்கு?” என்றாள். அப்பா சைக்கிள் ஸ்டாண்டைத் தட்டி எடுத்தார். எனக்கு உற்சாகமாக இல்லை. இவர் பக்கத்தில் உட்கார்ந்தால் விசிலடிக்க முடியாதே என்றுதான் நினைத்தேன்.

கொட்டகை நிரம்பி வழிந்தது. திருவிழாவுக்கு வந்த விருந்தாளிகள் எல்லாம் அங்கேதான் இருந்தார்கள். போஸ்டரில் ஒரு மீன் ஒரு கப்பலையே வாயில் கவ்விக்கொண்டிருந்தது. கடல் சிவப்பாக இருந்தது. நாங்கள் பெஞ்சில் இடம் பிடித்து உட்கார்ந்தோம். திரைக்குப் பக்கத்தில் கொட்டகை முதலாளி மாமாவிடம் கையை ஆட்டி ஆட்டிப் பேசிக்கொண்டிருந்தார். மாமா தொண்டையைத் தொட்டுக் காட்டினார். முதலாளிக்கு முகம் வெளுத்துவிட்டது. விளக்கம் இல்லையென்றால் இந்தக் கூட்டம் பெஞ்சு நாற்காலியை மிச்சம் வைக்காது.

மாமா தன் பையனைப் பிடித்து மைக்குக்கு முன்னால் நிறுத்தினார். இன்றைக்கு முழுப் படமும் அவனா? அப்புறம் அவனைப் பள்ளிக்கூடத்தில் பல்லக்கில் தூக்குவார்களே!

ஆனால் அவன் மைக்கைப் பார்த்தான், ஜனத்தைப் பார்த்தான். “கத்தி” என்று ஒரு வார்த்தை சொல்லுவதற்கும் ஒரு படத்தைச் சொல்லுவதற்கும் இருக்கிற தூரம் அவனுக்கு அப்போதுதான் தெரிந்திருக்க வேண்டும். ஓடிப்போய் ஸ்பீக்கர் பெட்டிக்குப் பின்னால் உட்கார்ந்துகொண்டான்.

எனக்கு எப்படி இருந்தது தெரியுமா? பாயசத்தை அண்டாவோடு வாயில் கவிழ்த்த மாதிரி இருந்தது. இதோ, என் நேரம் வந்துவிட்டது. எனக்குத் தங்கச்சி கதை தெரியும், புதையல் கதை தெரியும், எங்கே கண்ணை மூடச் சொல்ல வேண்டும் என்பதுகூடத் தெரியும். விளக்கு அணைந்தது. நான் எழுந்தேன்.

ஒரு கை என் தோளைப் பிடித்து உட்கார வைத்தது.

“நீ இரு” என்றார் அப்பா. எழுந்து, வேட்டியைச் சரிசெய்துகொண்டு, ஆட்களின் காலைத் தாண்டித் தாண்டி நடந்து போய், மைக்கைப் பிடித்தார்.

என் வாழ்க்கையில் அதற்கு முன்னும் பின்னும் நான் யாரைப் பார்த்தும் அப்படிப் பொறாமைப்பட்டதில்லை. மாமா பையன் மேல் இருந்தது எல்லாம் அந்த நிமிஷத்தில் அப்பா மேல் வந்து விழுந்தது. வருஷக்கணக்காக நான் ஏங்கிக் கிடந்த இடம். ஒருநாளும் கொட்டகைக்கு வராத மனிதர் வந்து பிடித்துக்கொண்டாரே!

“வணக்கம்” என்றார் அப்பா. ஸ்பீக்கர் கீய்ச் என்றது. “இப்ப ஒரு போட்டு வருது. போட்டுல அஞ்சு பேரு.”

ஜனம் காத்திருந்தது. திரையில் அந்தப் படகு போய்க்கொண்டே இருந்தது.

“தொப்பி போட்டவன் பேசுறான். இன்னா பேசுறான்னு எனக்குத் தெரில.”

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். பின்னாலிருந்து ஒருவர், “அண்ணாத்தே, அவனுக்குத் தங்கச்சி கீதா?” என்று கேட்டார்.

அப்பா திரையை நன்றாகப் பார்த்துவிட்டு, “போட்டுல பொம்பள யாரும் இல்ல” என்றார்.

இப்போது கொட்டகையே சிரித்தது. நான் தலையைக் குனிந்துகொண்டேன். அதற்குள் தண்ணீர் கலங்கியது. பெரிய துடுப்பு ஒன்று வெளியே வந்தது. மேளம் மாதிரி இசை முழங்கியது. பெண்கள் பிள்ளைகளை இழுத்து மடியில் வைத்துக்கொண்டார்கள். இந்த இடத்தில் மாமாவாக இருந்தால் குரலைத் தாழ்த்தி, “ஆத்தா, வந்துட்டாண்டா எமன்” என்றிருப்பார்.

“மீனு வருது” என்றார் அப்பா. அப்புறம் ஒரு அடி முன்னால் நகர்ந்து உற்றுப் பார்த்தார். “மீனு இல்ல. தகரம். முதுவுல ரிவிட்டு தெரிது பாருங்க, வரிசையா. ஒண்ணு தளர்ந்து கீது. கயிறு கட்டி இழுக்கறாங்க. அந்தப் பக்கம் ரெண்டு ஆளாவது இருக்கணும்.”

“யோவ்! கடிக்குதா இல்லியா, அத சொல்லுய்யா!”

“கடிக்கல. அவனே அது வாய்க்குள்ள கால உட்டுகினான்.”

“ரத்தம் வருதே!”

“ரத்தம் இல்ல. ரெட் ஆக்சைடு பெயிண்டு.”

வேர்க்கடலைத் தோல் பறந்தது. பெஞ்சைத் தட்ட ஆரம்பித்தார்கள். “எறக்குடா அந்தாள!” என்று பின்வரிசை கத்தியது. அப்பா மைக்கை விடவில்லை. சத்தம் கூடக் கூட அவரும் குரலை உயர்த்தி, கடல் என்று காட்டுவது தொட்டித் தண்ணீர்தான் என்றும், அலை ஒரே திசையில் வருவதைப் பார்த்தாலே தெரியும் என்றும் விளக்கிக்கொண்டிருந்தார். வேர்வையில் வெள்ளைச் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. நடுநடுவே நான் உட்கார்ந்திருந்த பக்கம் திரும்பித் திரும்பிப் பார்த்தார். என்னை ஏன் பார்க்கிறார், எல்லாருக்கும் தெரிந்துவிடுமே என்று நான் இன்னும் கீழே சரிந்தேன்.

அப்போது மாமா ஸ்டூலிலிருந்து எழுந்து வந்து, அப்பாவின் கையிலிருந்த மைக்கை மெதுவாக வாங்கினார். தொண்டையில் மிச்சம் இருந்த காற்றையெல்லாம் சேர்த்து, மணல் தேய்க்கிற மாதிரி ஒரு குரலில் சொன்னார்:

“சொன்னாரே, கேட்டீங்களா? தகர மீனு! உசிரு உள்ள மீனுன்னா துப்பாக்கி இருந்தா போதும், சுட்டுப் போட்டுடலாம். இது சாவாத மீனு. இத செஞ்சவன் எவன்? கயிறு அந்தப் பக்கம் போவுதே, அத இழுக்கறவன் எவன்?”

பெஞ்சைத் தட்டிக்கொண்டிருந்த கைகள் அப்படியே நின்றன.

அவ்வளவுதான். அதற்கு மேல் மாமா ஐந்து நிமிஷத்துக்கு ஒரு வார்த்தைதான் பேசினார். அதுவே போதுமாக இருந்தது. ஜனம் மீனைப் பார்ப்பதை விட்டுவிட்டுக் கயிறு தெரிகிறதா என்று தேடியது. ரிவிட் தெரிந்தபோதெல்லாம் “தோ, தோ” என்று கைதட்டியது. அந்தப் படத்துக்கு விழுந்த விசில் வேறு எந்தப் படத்துக்கும் விழுந்ததில்லை. மாமா பையன் பெட்டிக்குப் பின்னாலிருந்து வெளியே வந்து, மறுபடி அதன் மேல் ஏறி, கால் மேல் கால் போட்டுக்கொண்டான். டார்ச் வெளிச்சத்தில் அவன் முகம் ஒன்றுமே நடக்காத மாதிரி இருந்தது. எனக்கு ஆத்திரத்தில் கண்ணில் தண்ணீர் வந்தது. தொண்டையே இல்லாவிட்டாலும் அவன் அப்பா அவன் அப்பாதான்.

என் அப்பா திரும்பி வந்தபோது அவர் இடத்தில் வேறு யாரோ உட்கார்ந்திருந்தார்கள். அவர் கேட்கவில்லை. படம் முடிகிற வரைக்கும் சுவரோரமாக நின்றார்.

வெளியே வந்ததும் சைக்கிள் கேரியரில் ஏறிக்கொண்டேன். கூட்டத்தில் யாரோ “தகர மாமே!” என்று கூப்பிட்டுச் சிரித்தார்கள். அப்பா திரும்பாமல் மிதித்தார். மாமாவை எல்லார் முன்னாலும் பொய்யர் என்று காட்டத்தான் இவர் மேடை ஏறினார், அது நடக்கவில்லை, நன்றாக வேண்டும் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். ரயில்வே கேட் மூடியிருந்தது. சைக்கிளை நிறுத்தி ஒரு காலை ஊன்றிக்கொண்டு, வண்டி வருகிற திசையைப் பார்த்தபடி அப்பா கேட்டார்:

“நெசமான மீனுன்னு சொல்லியிருக்கணுமோ?”

“ஆமா. மாமா அப்டித்தான் சொல்லுவாரு.”

“ம்.”

வண்டி கடகடவென்று போனது. அது போன பிறகும் கேட் திறக்க நேரமாயிற்று.

“அப்புறம்? கொரல எறக்கிச் சொல்லணுமோ, மீனு வரும்போது?”

“எறக்கணும். அப்புறம் டக்குனு ஏத்தணும். இல்லன்னா எவன் பயப்படுவான்?”

“தங்கச்சி ஒண்ணு வேணுமா?”

“படத்துல இல்லன்னாலும் வேணும்” என்றேன், இதுகூடத் தெரியாதா என்கிற மாதிரி.

கேட் திறந்தது. அப்பா ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே மிதித்தார். நெமிலிச்சேரி வருகிற வரைக்கும் நானும் முதுகுக்குப் பின்னாலிருந்து ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தேன், அவர் மீனைப் பற்றித்தான் கேட்கிறார் என்று நினைத்துக்கொண்டு.